சாவி வைத்திருந்தவன்

"அந்தப் படத்துல நீ நடிக்க வேண்டாம்."

அக்கா தட்டு கழுவிக்கொண்டே சொன்னாள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

அவனுக்குச் சுர்ரென்று ஏறியது. பதினோரு வருஷம்! நாலு படத்தில் பிணம். மற்றதிலெல்லாம் கூட்டத்தில் ஒருவன். ஒரே ஒரு படத்தில் வசனம் கிடைத்தது: "ஐயா வெளியே போயிருக்காங்க." நண்பர்கள் அவனைச் செல்லமாக 'டெட் பாடி' என்றுதான் கூப்பிடுவார்கள். இப்போதுதான் முதல் தடவையாகக் கதாநாயகன்.

"சின்னப் படம்தான்க்கா. ஆனா பெரிய விஷயம். துணி தைக்கிற கம்பெனியில தீப்பிடிக்குது. துணி திருடு போயிடும்னு முதலாளி பின்கதவைப் பூட்டச் சொல்லியிருக்கான். நான் வாட்ச்மேன். சாவி என்கிட்ட."

"தெரியும். எங்க கம்பெனியில நடந்ததுதானே."

"அதான் பயப்படுறியா? சூப்பர்வைசர் வேலை போயிடும்னு?"

அக்கா குழாயை மூடினாள். "எப்படி வேணா வச்சுக்கோ. நீ நடிக்காதே, அவ்வளவுதான்."

"மூணு பொம்பளைங்க செத்துப் போனாங்க. பூட்டே போடலைன்னு முதலாளி சாதிக்கிறான். நீயும் வாயைத் திறக்கல. திறக்கிறவனையும் விடமாட்டியா?"

அக்கா ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அவன் நடித்தான். ஒரு மாதம் ஒரு கிடங்கு வாசலில் நிஜ வாட்ச்மேனோடு நின்று பழகினான். உள்ளே பெண்கள் அலற, சாவிக்கொத்தோடு கை நடுங்க நிற்கும் காட்சி ஒரே டேக்கில் முடிந்தது. இயக்குநர் 'கட்' சொல்ல மறந்துவிட்டார்.

படம் ஒரே ஒரு தியேட்டரில் வந்தது. முதல் நாள் பதினாறு பேர். அந்தப் பதினாறு பேரும் சும்மா இருக்கவில்லை. இரண்டாவது வாரம் உட்கார இடமில்லை. மூன்றாவது மாதம், சிறந்த நடிகர் விருது!

விழாவுக்கு அக்கா வரவில்லை. 'வேற வேலை இருக்கு' என்று காலையிலேயே கிளம்பிப் போய்விட்டாள்.

அந்தக் கோபம் மேடையில் வெடித்தது.

"இந்தப் படத்துல நடிக்காதேன்னு என் வீட்லயே சொன்னாங்க. வேலை போயிடுமோன்னு பயம். அந்தப் பயத்தைத்தான் நான் நடிச்சுக் காட்டினேன்!"

அரங்கம் அதிர்ந்தது. எழுந்து நின்று கைதட்டினார்கள். பதினோரு வருஷத்துக் களைப்பும் அந்தச் சத்தத்தில் கரைந்தது.

கீழே இறங்கியதும் இயக்குநர் அவனைத் தனியே இழுத்துப் போனார்.

"அவசரப்பட்டுட்டீங்களே தம்பி. இந்தக் கதையை எனக்குச் சொன்னது யாருன்னு தெரியுமா? இரும்புக் கம்பியால பூட்டை உடைச்சு நாப்பது பேரை வெளியே கொண்டுவந்த சூப்பர்வைசர். உங்க அக்கா."

அவன் கையிலிருந்த விருதைக் கீழே வைத்தான்.

"நீங்க அவங்க தம்பின்னு ஷூட்டிங் முடிஞ்சப்புறம்தான் எனக்கே தெரியும். முதலாளி மேல இருக்கிற வழக்கு விசாரணைக்கு வர்ற வரைக்கும் யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாதுன்னு சொல்லியிருந்தாங்க. இன்னிக்குத்தான் கோர்ட்ல சாட்சி சொன்னாங்க."

அவன் போனை எடுத்தான். முதல் மணியிலேயே அக்கா எடுத்தாள்.

"விருது வாங்கிட்டியாடா?"

"அக்கா... மேடையில உன்னைப் பத்தித் தப்பா..."

"டி.வி.யில பார்த்தேன். அது கிடக்கட்டும். சாப்பிட்டியா?"

"பயம் இல்லேன்னா, அன்னிக்கு ஏன் நடிக்க வேண்டாம்னு சொன்ன?"

"தம்பி படம் ஓடுறதுக்காக அக்காக்காரி பொய்ச் சாட்சி சொல்றாள்னு நம்ம மேலயே திருப்புவாங்கடா. இன்னிக்கு முதலாளி தரப்பு வக்கீல் அதையேதான் கேட்டார். 'அந்தப் படத்துல நடிச்சவன் உனக்கு யாரும்மா?'ன்னு."

"நீ என்ன சொன்ன?"

"'பூட்டு இருந்தது, உடைச்சது நான். இதை ஊரறியச் சொன்னவன் என் தம்பி'ன்னு கோர்ட்டே திரும்பிப் பார்க்கிற மாதிரி சொன்னேன்."