மணி அடிக்கிற வரைக்கும் வீடு

“யாரும் எடுக்கல!” என்று சொல்லிவிட்டு வாய்கொள்ளாமல் சிரித்தாள் வெர்னா. ரிசீவரை வைத்த கையோடு மறுபடியும் அதே எண்ணை அழுத்த ஆரம்பித்தாள்.

மலைமேல் ஆல்டர் ரிட்ஜ் எரிந்துகொண்டிருந்தது. ஊர் மொத்தமும் அடிவாரத்துப் பள்ளிக்கூட விளையாட்டுக் கூடத்தில், மடக்குக் கட்டில்களில் உட்கார்ந்திருந்தது. பட்டப்பகலில் ஜன்னலுக்கு வெளியே வானம் செங்கல் நிறத்தில் இருந்தது. செல்போன் கோபுரம் காலையிலேயே பற்றிக்கொண்டதால், அத்தனை பேருக்கும் அந்த ஒரே மேஜை போன்தான்.

காட்டுத்தீயோடு குடித்தனம் நடத்தும் அந்த மலைக்காரர்களிடம் ஒரு கணக்கு உண்டு. பூட்டிவிட்டு வந்த வீட்டுக்கு போன் போடுவார்கள். மணி அடித்தால் வீடு நிற்கிறது, ஊமையாகக் கிடந்தால் வீடு போயிற்று. மற்றவர்கள் ஒரு தடவை கேட்டுவிட்டு, சிரித்துக்கொண்டோ அழுதுகொண்டோ நகர்ந்துவிட்டார்கள். வெர்னா மட்டும் போனை விடுவதாக இல்லை.

“வெர்னா, போதும், குடுங்க. பின்னாடி வரிசை நிக்குது” என்றான் முகாமைப் பார்த்துக்கொண்ட ஹெக்டர்.

“இருப்பா, நல்லா அடிக்கட்டும். உனக்கென்ன, உன் வீடு இங்க கீழ பத்திரமா இருக்கு.”

வரிசையில் முதலாவதாக நின்ற மார்லிஸ் ஒரு இடத்தில் நிற்க முடியாமல் தவித்துக்கொண்டிருந்தாள். வெர்னாவின் பக்கத்து வீட்டுக்காரி. அவள் கணவன் ராய்ஸ் பாதி வழியில் அவளை வேறொருவர் காரில் ஏற்றிவிட்டு, “கோழிக்கூண்டைத் திறந்துவிட்டுட்டு வந்துடறேன்” என்று வண்டியைத் திருப்பிக்கொண்டு மேலே போனவன். இன்னும் வந்து சேரவில்லை.

“என் மனுஷன் நெருப்புக்குள்ள இருக்கான் வெர்னா! ஷெரீஃப் ஆபீசுக்குச் சொல்லிப் போலீசை அனுப்பணும். நீ பலகையையும் ஆணியையும் நலம் விசாரிச்சுக்கிட்டிருக்கே!”

“எல்லாம் வந்துருவான். கோழியைக் கொஞ்சிக்கிட்டு எங்கயாவது நிப்பான்.”

“அந்தக் கோழிங்க உன் போனாலதான் முட்டையே போடறதில்ல! தோட்டத்துல நின்னாலும் கேக்கணும்னு உன் புருஷன் வெளிச்சுவத்துல மாட்டி வெச்சானே ஒரு மணி, காதைக் கிழிக்குது. அதுக்கு எத்தனை சண்டை போட்டிருப்போம்!”

“ஆமா, எல்லாத்துக்கும் சண்டைதான். ஆட்டு மந்தையைக் கூட்டிட்டு வந்து வீட்டைச் சுத்திப் புல்லைப் பூராவும் மேய விட்டப்ப, வெர்னா வீட்டுக்கு மொட்டை அடிச்சாச்சுன்னு புருஷனும் பொண்டாட்டியுமா சிரிச்சீங்களே? இப்ப என் வீடு நிக்குது பாரு. இந்தா, நீயே கேளு!” என்று ரிசீவரை மார்லிஸின் காதருகே நீட்டினாள்.

பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு ரத்தம் கொதித்தது. கணவனைக் காணாமல் துடிக்கிறவளிடம் பேசுகிற பேச்சா இது?

நீட்டிய ரிசீவரை மார்லிஸ் வெடுக்கென்று பிடுங்கி, வெர்னா வீட்டு இணைப்பைத் துண்டித்தாள். “சபாஷ்!” என்று ஒரு குரல் கேட்டது. யாரோ கைகூடத் தட்டினார்கள்.

ஷெரீஃப் ஆபீசில் எல்லா இணைப்பும் பேச்சில் இருந்தது. காத்திருக்கச் சொல்லி ஒரு பதிவுக் குரல் திரும்பத் திரும்பக் கெஞ்சியது. ஒயர் எட்டும் தூரத்துக்கு இப்படியும் அப்படியும் நடந்தபடி மார்லிஸ் காத்திருந்தாள். வெர்னா அவள் முதுகுக்குப் பின்னாலேயே நின்று, “ஆச்சா? பேசியாச்சா?” என்று அரித்தெடுத்தாள்.

நெடுநேரம் கழித்து ஒரு பெண் பேசினாள். “மலை ரோட்டுல மரம் விழுந்து கிடக்குதும்மா. இப்போதைக்கு எந்த வண்டியும் மேல போக முடியாது. பேரைக் குறிச்சுக்கறேன்.”

மார்லிஸ் ரிசீவரை வைத்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். ஒருத்தி தண்ணீர் எடுத்துவர ஓடினாள். வெர்னா கொஞ்சமும் கூசாமல் மார்லிஸைத் தாண்டிப் போய் மறுபடியும் தன் வீட்டு எண்ணை அழுத்தினாள்.

“உங்களுக்கெல்லாம் நெஞ்சுன்னு ஒண்ணு இருக்கா?” என்றான் ஹெக்டர்.

“இல்லேன்னே வெச்சுக்கப்பா. அடிக்குது, இன்னும் அடிக்குது!”

சாயங்காலம் ஒரு தீயணைப்பு வண்டி வாசலில் வந்து நின்றது. அதிலிருந்து ராய்ஸ் தட்டுத்தடுமாறி இறங்கினான். புருவம் பொசுங்கியிருந்தது. வலது கையில் முழங்கை வரைக்கும் கட்டு.

மார்லிஸ் ஓடிப்போய் அவனைக் கட்டிக்கொண்டாள். “நான்தான் ஷெரீஃப் ஆபீசுக்குச் சொன்னேன். அவங்கதானே உன்னைத் தேடி வந்தாங்க?”

“யாரும் தேடி வரல. இந்தத் தீயணைப்புக்காரங்க ரோட்டுல மரத்தை அறுத்துத் தள்ளிட்டு மேல வந்தப்ப, அவங்க கண்ணுல பட்டேன், அவ்வளவுதான்.” தண்ணீரை மடக் மடக்கென்று குடித்துவிட்டுச் சொன்னான். “வண்டி பள்ளத்துல இறங்கிருச்சு. நடந்து வரலாம்னா நீட்டின கை தெரியாத புகை. செத்தோம்னே நினைச்சேன். அப்பதான் வெர்னா வீட்டு மணி கேட்டுச்சு. அந்தச் சத்தத்தைப் பிடிச்சுக்கிட்டே நடந்தேன். அவ வீட்டைச் சுத்தி எரியறதுக்கு ஒரு புல்லு இல்ல. நெருப்பு ஒதுங்கிப் போயிருச்சு.”

கூடமே திரும்பி வெர்னாவைப் பார்த்தது. ரிசீவரைக் கையில் வைத்துக்கொண்டு அவள் திருதிருவென்று விழித்தாள். வீட்டைத் தவிர அவள் வேறு எதையும் நினைத்திருக்கவில்லை என்பது முகத்திலேயே தெரிந்தது.

“சரி, இந்தக் கை எப்படி வெந்துச்சு?” மார்லிஸ் கண்ணீரோடு அந்தக் கட்டைத் தடவினாள்.

ராய்ஸுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. “பாதி வழியில மணி சட்டுனு நின்னு போச்சு. திக்குத் தெரியாம நேரா நெருப்புக்குள்ளயே போயிட்டேன். திரும்ப அடிக்கலேன்னா அங்கயே முடிஞ்சிருப்பேன். நல்லா அடிச்சுக்கிட்டிருந்த போனை எந்தப் பாவி கட் பண்ணினது?”