பயப்பட ஓர் ஆள்

"ஒரே ஒரு ஆளு நிஜமா பயந்தா போதும் மாப்பிள்ளை, நீங்க அடுத்த பேயைத் தேடிக்கிட்டுப் போகலாம். இல்லேன்னா நாளைக்கே நம்ம ஹார்டுவேர் கடைக் கல்லாவுல வந்து உக்காந்துடணும்."

புதுப் படத்துக்குப் பணம் போட்ட மச்சான் இப்படிக் கறாராகச் சொன்னதற்குக் காரணம் இருந்தது. இயக்குநரின் முதல் பேய்ப் படத்தைப் பார்த்துக் கைக்குழந்தைகள் சிரித்தன. போன படத்தில் பேயாக நடித்த பெண்ணே, திரையிட்டபோது பாதியில் தூங்கிப்போனாள்.

"படம் பாக்குற ஆளை நான்தான் கூட்டிட்டு வருவேன். உங்க கூட்டாளிங்கன்னா காசு வாங்காமலே கத்துவானுங்க."

"தாராளமா கூட்டிட்டு வாண்ணே," என்றாள் இயக்குநரின் மனைவி. அவளுக்கென்ன, தைரியம் ஜாஸ்தி. பேய்க்குச் சவுரி வாங்கியதிலிருந்து படம் பிடிக்க இடம் பார்த்தது வரை எல்லாம் அவள் கைங்கரியம்தான்.

மச்சான் கூட்டி வந்தவர் அவருடைய பால்ய நண்பர். வெளிநாட்டு வேலை முடிந்து அன்று காலைதான், பெட்டியும் கையுமாக நேரே மச்சானிடம் வந்து இறங்கியிருந்தார். பாம்பைப் பார்த்தாலும் கொட்டாவி விடுகிற முகம். இயக்குநருக்கு அப்போதே கடைக் கல்லா கண்ணில் தெரிந்தது.

விளக்கை அணைத்துப் படத்தைப் போட்டார்கள்.

பேய் சுவரை நகத்தால் பிறாண்டியது. நண்பர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

பேய் நிலைக்கண்ணாடியைத் தலையால் முட்டி உடைத்தது. "ஐயோ!" என்றார்.

கூடம் முழுக்க ரத்தம் வழிந்தது. மனிதர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார்.

இயக்குநருக்குத் தலைகால் புரியவில்லை. "பாத்தியாடி, எப்படி வேர்த்து ஊத்துது!"

"இருங்க, க்ளைமாக்ஸ்ல மயக்கமே போட்ருவாரு," என்றாள் மனைவி.

மச்சானுக்குத்தான் முகம் சுண்டிப்போயிற்று. "டேய், மானத்தை வாங்காதடா. அது ரத்தமில்ல, நம்ம கடை பெயிண்ட்டு. தேய்ச்சாலும் போகாது, அவ்வளவு ஒரிஜினல்!" என்று தேற்றினார். நண்பர் அதைக் கேட்டுச் சத்தமாகவே அழுதுவிட்டார்.

கடைசியில் பேய் கோடாரியை எடுத்து வாசற்கதவை இரண்டாகப் பிளந்ததும், "போதும், நிறுத்துங்கய்யா!" என்று எழுந்தே விட்டார்.

விளக்கைப் போட்டார்கள். இயக்குநர் ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டார். கண் கலங்கியிருந்தது, பாவம். "சார், என் படத்துக்கு இப்படி யாருமே பயந்ததில்ல! எந்த சீன் உங்களை ரொம்ப உலுக்கிருச்சு?"

நண்பர் அவரைத் திரும்பியும் பார்க்கவில்லை. மச்சானின் சட்டையைப் பிடித்தார்.

"ஏன்டா, என் வீட்டுச் சாவியை உன்னை நம்பித்தானேடா கொடுத்துட்டுப் போனேன்? மாசா மாசம் கூட்டித் துடைச்சு வைக்கிறேன்னு போன்ல வேற சொன்னியேடா பாவி!"

கடை ஆணியில் தொங்கவிட்டதோடு அந்தச் சாவியை மறந்தே போயிருந்த மச்சான், திரும்பித் தங்கச்சியைத் தேடினார்; படத்தில் எந்தப் பேயும் அவ்வளவு சுத்தமாக மறைந்ததில்லை.