காலத்தூண் செக்கர்

செக்கர் சுவரோரம் போய்த் தலைகீழாக நின்றார். எதிரே இருந்த இரண்டு பேரும் அதே நொடியில் தலைகீழாக நின்றார்கள்.

"பாவிகளா, இதையுமா?" என்றார். அவர்களும் அதையேதான் கேட்டார்கள். மூன்றாவது பொத்தான் இல்லாத சட்டை வழியாக மூன்று தொந்திகளும் ஒரேயடியாக எட்டிப் பார்த்தன.

எதிரே இருந்தவை இரண்டு ஸ்கிரீன்கள். இரண்டிலும் இருந்தது செக்கரேதான்.

காலத்தூண் என்பது எல்லாக் காலக்கோடுகளும் வந்து சுற்றிக்கொள்ளும் பெரிய தூண். யாராவது காபிக்குப் பதில் டீ குடித்தாலே ஒரு புதுக் கோடு கிளம்பிவிடும். இரண்டு கோடுகள் அச்சு அசலாக ஒரே மாதிரி ஓடினால் தூணுக்கு வீண் பாரம், ஒன்றை வெட்டிவிட வேண்டும். பார்த்து வெட்டுவதுதான் செக்கருக்குச் சம்பளம்.

இன்று மாட்டியிருந்தது அவர் குடியிருக்கும் கோடும், அதற்குப் பக்கத்துக் கோடும்.

காலையிலேயே மேலதிகாரி மேடம் போனில் சொல்லிவிட்டார். "சாயங்காலம் வரைக்கும் டைம் தரேன் சார். ஒரே ஒரு வித்தியாசம் காட்டுங்க, ரெண்டு லைனையும் விட்டுடலாம். இல்லன்னா ஒண்ணை நீங்களே வெட்டிடணும்."

"அதுல எது நம்ம லைன் மேடம்?"

"அதான் ரெண்டும் ஒண்ணு மாதிரியே இருக்கே. எதா இருந்தா என்ன?"

போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு ஒயர்களை ஸ்கிரீன்களில் சொருகினார். லைனுக்கு ஒரு ஒயர், அது அறுந்தால் இருக்கட்டும் என்று ஓர் உதிரி. எல்லாம் ஒரே சாம்பல் நிறம், வாங்கிப் போட்ட புண்ணியவான் யாரோ. வேலை முடிந்ததும் சும்மா தொங்கிக்கொண்டிருந்த ஒயர்களில் ஒன்றின் மேல், வேர்வை துடைத்த கைக்குட்டையைக் காயப்போட்டார்.

வேறு யாராவது இந்த நாற்காலியில் இருந்திருந்தால் வித்தியாசம் தானாக வந்து விழுந்திருக்கும். செக்கர் வாழ்க்கையில் எதையும் சொந்தமாகச் செய்தவர் இல்லை. அண்ணன் படித்ததைப் படித்தார், அப்பா வைத்த மீசையை வைத்தார், ஹோட்டலுக்குப் போனால் பக்கத்து மேஜையைக் காட்டி "அதையே எனக்கும்" என்பார். இப்படி ஒருவரை நம்பி இரண்டு உலகங்கள் தொங்கிக்கொண்டிருந்தன.

பாடிப் பார்த்தார். அவர்களும் அதே இடத்தில் சுருதி விட்டார்கள். கத்தரிக்கோலை எடுத்துப் பாதி மீசையை வெட்டினார். அவர்களுக்கும் பாதி மீசை போயிற்று.

கடைசியில் வீட்டுக்குப் போன் போட்டார்.

"என்னங்க, ஆபீஸ் நேரத்துல?" என்றாள் மனைவி.

"ஒண்ணுமில்ல. உன்னை எனக்கு ரொம்பப் பிடிக்கும். கல்யாணமான நாள்லேருந்து சொல்லணும்னு நெனச்சேன், சொல்லவே இல்ல."

"பொத்தான் தைக்கிறதுக்கு இவ்வளவு ஐஸா?" என்று மூக்கை உறிஞ்சினாள். "சீக்கிரம் வீட்டுக்கு வாங்க. பொண்ணும் நானும் சாப்பிடாம இருக்கோம்."

செக்கர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஸ்கிரீனில் இருந்த இருவரும் துடைத்துக்கொண்டார்கள். அப்படியென்றால் அந்தப் பக்கமும் ஒருத்தி, ஒரு மகளோடு, சாப்பிடாமல் காத்திருக்கிறாள். வெட்டும் கைப்பிடியைத் தொட்ட கையை இழுத்துக்கொண்டார்.

மேடம் கதவைத் திறந்தார். "வெட்டியாச்சா?"

"முடியல மேடம். எந்தப் பக்கம் வெட்டினாலும் அங்க அவ இருக்கா. என்னை வேலையை விட்டுத் தூக்கிடுங்க, நான் வெட்ட மாட்டேன்."

மேடம் அவருடைய பாதி மீசையைப் பார்த்தார். ஸ்கிரீன்களைப் பார்த்தார். பிறகு கைக்குட்டையைப் பார்த்தார். அதை இரண்டு விரலால் தூக்கி அப்பால் போட்டார். வலது ஸ்கிரீனிலிருந்து ஒயரைப் பிடுங்கிவிட்டு, கைக்குட்டை கிடந்த ஒயரை அந்த இடத்தில் சொருகினார்.

"நம்ம லைன் ஒயரை ஒண்ணுலயும், அதே லைனோட உதிரியை இன்னொண்ணுலயும் சொருகியிருக்கீங்க சார். காலையிலேருந்து உங்களையே பாத்துக்கிட்டு இருந்திருக்கீங்க."

செக்கருக்குப் பூமி பிளந்து தன்னை விழுங்கிவிடாதா என்று இருந்தது. தலைகீழாக நின்றதெல்லாம் வரிசையாக ஞாபகத்துக்கு வந்தது.

வலது ஸ்கிரீன் மெல்ல வெளிச்சமாயிற்று. அதே அறை, அதே நாற்காலி, அதே சொட்டைத் தலை. பக்கத்துக் கோட்டுச் செக்கர் முதுகைக் காட்டிக்கொண்டு, மேஜையில் கவிழ்ந்து, தோள் குலுங்கக் கிடந்தார்.

"ஐயோ, அழறாரே மேடம்!" செக்கர் ஸ்கிரீன் பக்கம் ஓடினார். "பாவம், அவருக்கும் ஒரு வித்தியாசமும் கெடைக்கல போலிருக்கு."

"அழல சார், உங்களைப் பாத்துச் சிரிக்கிறாரு. அவர் ஒயரைச் சரியா சொருகியிருக்காரு."