நான்சி கார்வர் மேடைக்கு வரவும்

"நான்சி கார்வர் மேடம்! உங்களைக் கண்டுபிடிக்கவே ரெண்டு வருஷமாச்சு!" இத்தாலியின் தூரின் நகரத் தியேட்டர் வாசலில் எலியோ அவள் கையைப் பிடித்துக்கொண்டான். பழைய பேய்ப்படங்களுக்கு விழா எடுக்கிற பையன்.

"அது தயாரிப்பாளர் வச்ச அமெரிக்கப் பேரு தம்பி. நான் ஒரியெட்டா பலாத்சி. இன்னைக்கு விருது குடுக்கும்போது ஒரு தடவையாவது மைக்ல அதைச் சொல்லிடேன்."

"சொன்னா எவனுக்குத் தெரியும் மேடம்? பதினோரு படமும் நான்சி பேர்லதானே!"

ஒரியெட்டாவுக்கு நினைவிருந்தது இரண்டுதான். எழுபத்திரண்டு வயதில் ஒன்பது படம் மறந்துபோகாதா என்று தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டாள். விருது கைக்கு வந்ததும் பேரைத் தானே சொல்லிக்கொள்ளலாம்.

மேடையில் எலியோ முழங்கினான். "இதோ, நம்ம நான்சி கார்வர்!"

ஒரியெட்டா எழுந்தாள். ஐந்தாம் வரிசையில் ஊன்றுகோலோடு ஒருத்தி எழுந்தாள். கடைசி வரிசையில் இன்னொருத்தியும்.

எலியோ விழித்தான். "இதுல யாரு நான்சி?"

"மூணு பேரும்தான்," என்றாள் ஊன்றுகோல்காரி. "விழா போஸ்டர் பாத்துட்டு வந்தேன். அந்தப் பாவி தயாரிப்பாளர் படத்துக்குப் படம் பொண்ணை மாத்தினான், பேரை மட்டும் மாத்தவே இல்ல."

மூவரும் மேடையேறினார்கள். ஒரியெட்டா மைக்கை வாங்கினாள். "என் பேரு..."

"நான்சி! நான்சி!" அரங்கமே எழுந்து நின்று கத்தியது.

மூன்று பேரும் சேர்ந்தே தலை வணங்கினார்கள்.