மச்சாது வீட்டுப் பாறையின் சத்தம்

தூத்துக்குடியில் இப்போதெல்லாம் பெண் வீட்டுப் பவளப்பாறையின் சத்தத்தைக் கடலுக்குள் போய்க் கேட்ட பிறகுதான் மாப்பிள்ளை வீட்டார் காப்பிக்கு உட்காருகிறார்கள். மீனும் இறாலும் நெருங்கி வாழும் பாறை, தாளிக்கிற கடுகைப்போல ஓயாமல் படபடக்கும்.

சூசை மச்சாதுவின் பாறை ஊமை. அதில் பாதியை வெட்டித்தான் அவருடைய பாட்டனார் மாடி வீடு கட்டினார். அந்த வீட்டைக் காட்டித்தான் சூசை ஐம்பது வருஷம் மீசையை முறுக்கினார்.

மகள் கல்யாணம் நின்றுவிடுமோ என்ற பயத்தில் அவர் நல்ல பாறை ஒன்றின் சத்தத்தைத் திருட்டுத்தனமாகப் பதிவுசெய்து கொண்டுவந்தார். ஆறு மாதமாகத் தம் பாறையடியில் ஒலிபெருக்கி வைத்து அதை ஓடவிட்டிருந்தார். அது யாருடைய பாறை என்று விசாரிக்கவில்லை. விசாரிப்பது மச்சாதுகளுக்குக் கௌரவக் குறைச்சல்.

மாப்பிள்ளையின் அப்பா கொரேரா, சூசையின் படகிலிருந்தபடி காதில் கருவியை வைத்துக் கேட்டார்.

"அண்ணாச்சி, நடுவுல டொக்கு டொக்குன்னு கேக்கே, அது எம்பாறைக்குப் போற என் ஓட்டப் படகு இஞ்சின்லா?"

சூசை முதுகை நிமிர்த்திக்கொண்டார். அவருக்குத் தெரிந்த ஒரே பதில் அதுதான். பிறகு படகிலிருந்த விசையைத் தட்டி ஒலிபெருக்கியை அணைத்தார்.

"பாறைதான் ஊமை. எம்பொண்ணு நல்லாப் பேசுவா."

கொரேரா காதிலிருந்து கருவியை எடுக்கவில்லை. இஞ்சின் சத்தம் நின்றிருந்தது. பாறையின் படபடப்பு நிற்கவில்லை.

"மீனும் இறாலும் எம்பாறைன்னு நம்பி இங்க வந்து குடியேறிட்டு போல. இனி சம்பந்தம் பண்ணாம எப்படிப் பிரிக்க?"

மீசைக்குப் போன சூசையின் கை, பாதி வழியில் இறங்கிக் கன்னத்தைச் சொறிந்தது.