ஜெனரலின் காடு

“பென்சன் வாங்குன பொறவும் அந்தக் காட்ட விடமாட்டீங்களா?”

டொமினிக் கார்ச் சாவியைத் தேடிக்கொண்டிருந்தார். சாவி மனைவி அகதாவின் கைக்குள் இருந்தது.

டொமினிக் ராணுவத்தில் ஜெனரலாக இருந்து ஓய்வுபெற்ற பிறகு, எண்பத்து நான்காம் ஆண்டுதான் குனோங் ராபாட்டில் குடியேறினார்கள். இனியாவது காலைக் கோப்பியைப் புருசனோடு சேர்ந்து குடிக்கலாம் என்று அகதா ஆசைப்பட்டாள். ஆனால் சனிக்கிழமை விடிந்தால் போதும், மனிதர் சுங்கை சிப்புட் பக்கம் கிளம்பிவிடுவார். கேட்டால், “சும்மா, காத்து வாங்க” என்பார்.

“இன்னிக்கு நானும் வாரேன்.”

“அங்க என்னா இருக்கு? கொசுதான்.”

“அந்தக் கொசுவுக்காகத்தானே என்னைய விட்டுட்டுப் போனீங்க? நானும் பாக்குறேன்லா.”

சாவியை அவர் கையில் கொடுத்துவிட்டு, முன்னிருக்கையில் ஏறி உட்கார்ந்துவிட்டாள்.

வழியெல்லாம் பழைய மனக்குறை பொங்கியது. எழுபதுகளில், காட்டில் மறைந்திருந்த கம்யூனிஸ்டுகளைத் தேடிப்போகும் கொமாண்டோ படை அவர் பொறுப்பில் இருந்தது. தலைநகர் கோலாலம்பூரில் நாற்காலி வேலை தருகிறோம் என்று மேலிடத்தில் எத்தனையோ முறை கூப்பிட்டார்கள். பங்களா, பிள்ளைக்கு நல்ல பள்ளிக்கூடம், ராத்திரி வீட்டுச் சோறு. எல்லாவற்றையும் வேண்டாம் என்றார். பதவி உயர உயர மற்றவர்கள் வரைபடத்தின் முன்னால் உட்கார்ந்தார்கள். இவரோ சிப்பாய்ப் பையன்களோடு சேர்ந்து, அவர்களுக்கும் முன்னால் காட்டுக்குள் நடந்தார். மார்பு நிறையப் பதக்கங்கள் சேர்ந்தன.

“நம்ம நவமணி பொறந்தப்பகூட வரல நீங்க.”

“ம்.”

“நான் காய்ச்சல்ல ஆஸ்பத்திரில கெடந்தப்ப?”

“அப்பவும் வரல.”

“சண்ட முடிஞ்சா, செத்தவன் மூஞ்சிய ஒவ்வொண்ணாத் திருப்பிப் பாப்பீங்களாமே? ஒங்க டிரைவர் ஐயாவு சொன்னாரு. பாத்து முடிச்சாத்தான் ஒங்களுக்குச் சோறே எறங்குமாம். அப்புடி என்னாங்க வெறி?”

டொமினிக் கியரை மாற்றி, முன்னால் போன லாரியைத் தாண்டினார்.

அகதா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். “நான் ஒங்களோட வாழவே இல்லீங்க. காத்துக்கிட்டு மட்டுந்தான் இருந்தேன்.”

“தெரியும் அகதா. நானுந்தான்.”

யாருக்காக என்று கேட்க அவளுக்குப் பயமாக இருந்தது.

கார், அவர் பிறந்து வளர்ந்த ரப்பர் தோட்டத்துக்குள் திரும்பியது. தொழிலாளர்கள் குடியிருந்த லயங்கள் கதவில்லாமல் கிடந்தன. ரப்பர்ப் பால்மரங்களை வெட்டிவிட்டு எண்ணெய்ச் செம்பனை நட்டிருந்தார்கள். கடைசி லயத்துக்குப் பின்னால் ஓர் ஓடை. அதற்கு அப்பால் காடு தொடங்கியது.

“நீ இங்கயே இரு” என்று சொல்லிவிட்டு ஓடைக்கரைக்குப் போனார். அகதா செருப்பைக் கழற்றிவிட்டு, சத்தமில்லாமல் பின்னாலேயே போனாள்.

டொமினிக் கரையோரம் நின்று கொஞ்ச நேரம் மரங்களையே பார்த்தார். பிறகு, எத்தனையோ பேரைச் சரணடைய வைத்த அந்த ஜெனரல், தாமே சரணடைகிறவரைப்போல இரண்டு கைகளையும் தலைக்குமேல் தூக்கினார்.

“ஜோன்! டேய் தம்பி, அண்ணன்டா!” காட்டைப் பார்த்துக் கத்தினார். “கம்யூனிஸ்டுகளோட காட்டுக்குள்ள போன ஒன்னைய வேற எவனும் சுடுறதுக்கு முந்தி நான் புடிச்சிறணும்னுதான்டா அத்தன வருசமும் முன்னால நடந்தேன்... நான் இப்ப ஆமி இல்லடா, வெளிய வா, வீட்டுக்குப் போலாம்!”