அவளே எடுத்த பாடம்

“உங்க பொண்ணு மூணு மாசமா கணக்குப் புத்தகத்தைத் தொடவே இல்லைங்க” என்றார் ஆசிரியை.

அம்மாவின் கண் சுவர்க் கடிகாரத்தை விட்டு நகரவில்லை. மூன்றே கால். ஆறு மணிக்குக் கணவர் வந்துவிடுவார். அதற்குள் அம்மா திரும்பிப் போய் வீட்டுக்குள் இருந்தாக வேண்டும்.

இரண்டு பள்ளிகளில் துரத்திவிட்ட பெண்ணைச் சேர்த்துக்கொண்டது இந்த ஒரு இடம்தான். இங்கே மணி அடிக்காது, பரீட்சையும் கிடையாது. எதைப் படிப்பது என்று பிள்ளைகளே முடிவு செய்வார்கள். பேருக்குத்தான் பள்ளிக்கூடம் என்று கணவர் தினமும் கரித்துக்கொட்டுவார்.

“அப்போ என்னதான் படிச்சா?”

ஆசிரியை ஒரு தடித்த நோட்டை நகர்த்தினார். “முதல்ல பூட்டு. பழைய பூட்டா தேடி எடுத்துட்டு வந்து கழட்டிக் கழட்டி மாட்டினா. இப்போ சாவி இல்லாமலே திறக்கறா.”

அது அம்மாவுக்கு இன்று மத்தியானமே தெரிந்துவிட்டது.

“அப்புறம் முதலுதவி. வீக்கத்துக்கு எப்படிக் கட்டுப் போடறதுன்னு கேட்டுக்கிட்டே இருப்பா. இந்த மாசம் பூரா பஸ்தான். எந்த பஸ் எத்தனை மணிக்கு, எங்கே போகுது, எல்லாம் தலைகீழ்ப் பாடம்.”

அம்மாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. பூட்டு, பஸ். பதிமூன்று வயதுப் பெண் வீட்டை விட்டு ஓடத் திட்டம் போட்டிருக்கிறாள்! இவளும் போய்விட்டால் அந்த வீட்டில் யார் முகத்தைப் பார்த்துக்கொண்டு உயிரோடு இருப்பது?

அந்த நேரம் பார்த்து மகள் உள்ளே வந்தாள். முதுகில் பை, வெடித்துவிடுகிற மாதிரி வீங்கியிருந்தது.

அம்மா பாய்ந்துபோய் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். “எங்கடி கிளம்பிட்டே? என்னைத் தனியா விட்டுட்டுப் போயிடாதடி கண்ணு. அப்பா கேட்டா நான் என்ன பதில் சொல்வேன்?”

மகள் கையை உதறவில்லை. பையை மேஜைமேல் வைத்து ஜிப்பை இழுத்தாள். மேலாக இருந்தது அம்மாவின் மூக்குக்கண்ணாடி. அதற்குக் கீழே அம்மாவின் மாத்திரை டப்பா. அதற்கும் கீழே அம்மாவின் துணிகள்.

“நாலரை பஸ்ல நாம ரெண்டு பேரும் போறோம்மா. பெரியம்மா ஸ்டாண்டுக்கு வந்து நிப்பாங்க” என்றாள். “தினமும் அப்பா உன்னை உள்ளே வச்சு வெளியே பூட்டிட்டுப் போறாரே, அந்தப் பூட்டுக்காகத்தான் நான் முதல் பாடமே எடுத்தேன்.”